நல்லவனாக ஒரு சாவு

பிணம் சுமக்கும் சந்தூக் மூன்றாவது தடவையும் கவிழ்ந்தது. உள்ளேயிருந்து சேற்றில் விழுந்த மையித்து, தான் பிணம் என்பதையும் மறந்து, "அடப் பாவிகளா, இடுப்பு போச்சே" என்று முனகியது.

மார்வோத்தோவுக்கு இதுதான் பிழைப்பு. பாவிகளை ஆண்டவன் தண்டிக்கும் டிவி தொடரில் வாராவாரம் செத்துப்போவார். ஏழைகளுக்கான ஜகாத் அரிசியைத் திருடினவன், பெற்ற தாயைத் தெருவில் விட்டவன், பாக்சோ இறைச்சி உருண்டையில் எலிக்கறி கலந்தவன் எல்லாம் அவர்தான். மழை கொட்டும், மின்னல் வெட்டும், கபர்க்குழி அவரை வெளியே துப்பும்.

பெக்காசி நகரத்தில் எங்கள் தெருவில் டிவியில் வந்துவிட்டால் அது நடந்ததுதான், அப்பீலே கிடையாது. அவர் பெயரே 'எலிக்கறி' என்றாகிவிட்டது. ஊருக்கே பங்கிடும் கந்தூரிச் சோறுகூட அவர் வீட்டைத் தாண்டித்தான் போகும். அதையெல்லாம் மனுஷன் பொறுத்துக்கொண்டார். ஆனால் மகள் நிங்ருமைத் தன் பையனுக்குக் கேட்டிருந்த ஹாஜியம்மா ருக்கோயா, "மண்ணே வேணாம்னு துப்பின ஆளோட எனக்கென்ன சம்பந்தம்?" என்று பின்வாங்கியதும் உடைந்தே போனார்.

டைரக்டர் காலில் விழாத குறைதான். "ஒரே ஒரு தடவை என்னை நல்லவனா சாக விடுங்க தம்பி."

நல்லவன் செத்தால் யார் பார்ப்பார்கள் என்று டைரக்டர் அலுத்துக்கொண்டார். பிறகு, நோன்பு மாசமாச்சே என்று இரங்கி, அநாதைப் பிள்ளைகளுக்குச் சோறு போட்டே ஓட்டாண்டியாகிற பெரியவர் வேஷத்தைக் கொடுத்தார். "இதுல நடிக்கவே வேணாம்ணே. வீட்ல எப்படியோ அப்படியே இருங்க, போதும்" என்றார்.

ஒளிபரப்பான அன்று, நோன்பு திறந்த கையோடு தெருவே ருக்கோயா வீட்டு டிவி முன்னால் கூடிவிட்டது. மார்வோத்தோ மகளோடு வாசலிலேயே நின்றுகொண்டார். உள்ளே போகக் கால் வரவில்லை.

திரையில் மையித்தின் முகம் பளபளத்தது. சந்தூக்கைத் தூக்க அடிதடி. கபரிலிருந்து மல்லிகை வாசம் வருகிறதென்று நாலு பேர் கதறினார்கள். வீட்டுக்குள்ளும் ஒரே அழுகை. ஹாஜியம்மா முக்காட்டு நுனியால் கண்ணைத் துடைத்துத் துடைத்து மாளவில்லை.

மார்வோத்தோவுக்குப் போன உயிர் திரும்பியது. நிங்ரும் அப்பாவின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

தொடர் முடிந்தது. ஹாஜியம்மா மூக்கைச் சிந்திவிட்டு, பக்கத்திலிருந்தவளிடம் திரும்பினார்.

"படுபாவி, என்னமா நடிக்கிறான் பாரு."