காலித் தொட்டியின் குரல்

"தொட்டிக்குள்ள பாடினா அதே பாட்டுதான், ஆனா அழுகையா வருதுடி" என்று ஓர் அணில் இன்னொன்றிடம் சொன்னது தையல்சிட்டின் காதில் விழுந்தது.

சிட்டு மொட்டைமாடிக்குப் பறந்து, காலித் தண்ணீர்த் தொட்டியின் விளிம்பில் உட்கார்ந்தது. இரை கொண்டுவரும்போது குஞ்சுகளைக் கூப்பிடும் பாட்டைத்தான் உள்ளே பாடியது. ஒவ்வோர் ஒலியையும் இழுத்து, அதன் எதிரொலி அடங்கும்வரை காத்திருந்து, அடுத்ததை விட்டது. தொட்டிச் சுவரில் இருந்த பல்லி கிறங்கிப்போனது.

"இன்னும் மெதுவா, அக்கா."

"இதுக்கு மேல இழுத்தா மூச்சு நின்னுடும்."

"நின்னாத்தான் என்ன? நல்லா இருக்கே."

சிட்டு இன்னும் மெதுவாகப் பாடியது.

பிறகு ஒரு புழுவைப் பிடித்துக்கொண்டு கூட்டுக்கு வந்தது. புழுவை விளிம்பில் வைத்துவிட்டு, வழக்கம்போல் வேகமாகக் கூப்பிட்டது. மூன்று குஞ்சுகளும் வாயைத் திறக்கவில்லை.

"நீங்க யாரு?" என்றது மூத்தது.

"அம்மாடா. சாப்பிடு."

"அம்மா அங்க பாடிட்டிருக்காங்க. அவங்க வந்து ஊட்டுவாங்க."

சிட்டு திரும்பிப் பார்த்தது. மாடியில் யாரும் இல்லை. தொட்டிக்குள் பாட்டு கேட்டுக்கொண்டிருந்தது, முன்பைவிட மெதுவாக.

எவ்வளவு கெஞ்சியும் குஞ்சுகள் தின்னவில்லை. சிட்டு புழுவைத் தூக்கிக்கொண்டு தொட்டிக்குப் போய், அதை உள்ளே போட்டது.

"பிள்ளைங்க பட்டினி கிடக்குறாங்க" என்று உள்ளே பாடிக்கொண்டிருந்த குரலிடம் சொல்லிவிட்டு, அது வெளியே வர ஒதுங்கி வழிவிட்டது.