கொளுத்தியவர்

ஜீப்பின் அருகே தலை குனிந்து நின்றிருந்த ஆளைப் பார்த்ததும் வனக்காப்பாளர் ஹெலன் அப்படியே நின்றுவிட்டாள். பொசுங்கிய லுங்கி, முழங்கால் வரை கரி. அவளுடைய அப்பா ஏசுதாஸ்.

"ஆள் சிக்கிட்டான்மா. விடியக்காலையில நெருப்புக்குள்ளயே நின்னுக்கிட்டிருந்தான். நான்தான் கொளுத்தினேன்னு அவனே ஒத்துக்கிட்டான்" என்றார் வனவர் சதாசிவம். திருச்சிப் பக்கமிருந்து மாற்றலாகி வந்து ஒரு வாரம்தான் ஆகிறது அவருக்கு. "இன்னிக்கே செங்கல்பட்டு கோர்ட்டுல நிறுத்திரணும். இந்த ஊர்க்காரன்தானே, உனக்குத் தெரியுமா?"

"தெரியாது சார்."

சொன்ன பிறகுதான், அது அப்பாவின் காதிலும் விழுந்திருக்கும் என்று உறைத்தது. அவர் நிமிரவில்லை.

மலைச்சரிவு முழுக்கக் கறுத்துக் கிடந்தது. புதர்களின் அடியில் காடைக் கூடுகள் முட்டையோடு கருகியிருந்தன. ஓடத் தெரியாத ஆமை ஒன்று ஓட்டுக்குள்ளேயே வெந்துபோயிருந்தது.

அதைப் பூட்ஸ் நுனியால் தொட்டுப் பார்த்த சதாசிவம், "இனி மழை வந்தா மண்ணைப் பிடிச்சு வைக்க ஒரு புல் கிடையாது. மொத்தமும் கீழ ஏரியிலதான் போய்ப் படியும்" என்றார்.

ஹெலனுக்கு உடம்பெல்லாம் கூசியது. இப்படி ஒன்று நடந்துவிடக் கூடாதென்றுதான் நேற்று மதியம் முழுக்க வெயிலில் நின்று, காட்டோரத்துச் சருகை முன்கூட்டியே கொளுத்தி, காட்டுத்தீ தாண்டாதபடி தடுப்புக்கோடு போட்டாள். சாயந்தரம் நெம்மேலியிலிருந்து பெண் பார்க்க வருகிறார்கள் என்று அப்பா போன் மேல் போன் போட, அடித்துப்பிடித்து வீட்டுக்கு ஓடினாள்.

வந்தவர்களிடம் "எம் பொண்ணு காட்டையே காவல் காக்குது" என்று பெருமை பேசிய மனுஷன், பொழுது விடிவதற்குள் அதே காட்டுக்கு நெருப்பு வைத்திருக்கிறார்.

சதாசிவம் போன் பேசிக்கொண்டே சாலைப் பக்கம் நடந்தார். ஹெலன் அப்பாவை நெருங்கினாள்.

"இன்னாத்துக்குப்பா இப்டி பண்ண?"

அவர் சாலைப் பக்கம் சதாசிவத்தைப் பார்த்தார்.

"புதுப் புல்லு வரும்னு கொளுத்துவாங்க, தெரியும். நம்ம வூட்ல ஆடே இல்லியே! எனக்கு வேலை கெடச்சப்பவே எல்லாத்தையும் வித்துட்டியே. அப்புறம் யாருக்குப்பா புல்லு?"

ஏசுதாஸ் கைகளை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். அதற்குள் அவள் பார்த்துவிட்டாள். உள்ளங்கை இரண்டும் கொப்பளித்திருந்தன. 'நல்லா வேணும்' என்று நினைத்தவளுக்கு, அப்படி நினைத்ததே அடுத்த கணம் அருவருப்பாக இருந்தது. அந்த அருவருப்பும் அவர் மேலேயே கோபமாகத் திரும்பியது.

"நெம்மேலிக்காரங்களுக்கு இன்னா சொல்லுவே? இந்தக் காக்கிச் சட்டையப் போட்டுக்கினு நான் எப்டி தெருவுல நடப்பேன்? உன்னை அப்பான்னு சொல்லிக்கவே வெக்கமா கீதுப்பா!"

"அதான் சொல்லலியே. அப்டியே இரு" என்றார் ஏசுதாஸ், கோபமே இல்லாமல்.

"இன்னா சொல்ற?"

"மெதுவா பேசு. எனுக்குப் பறிபோறதுக்கு வேலை இல்ல. உனுக்கு கீது."

அவளுக்குப் புரியவில்லை. சதாசிவம் பேசி முடித்துத் திரும்பி வந்துகொண்டிருந்தார். யாரும் சொல்லாமலே ஏசுதாஸ் ஜீப்பில் ஏறி உட்கார்ந்தார். வெளியே குனிந்து, அவள் காதருகே சொன்னார்:

"நேத்து நீ வெச்ச நெருப்பு அணையவே இல்லம்மா."