முட்டி கொடுத்துத் திறக்கும் கதவு

அந்த வீட்டு வாசல் கதவு தொய்ந்துபோய் எட்டு வருஷமாகிறது. முட்டியைக் கொடுத்து லேசாகத் தூக்கினால்தான் திறக்கும். கார்பெண்டரைக் கூப்பிடுகிறேன் என்று கணவர் சொல்வாரே தவிர, கூப்பிட்டபாடில்லை. இந்த வித்தை அவளுக்கும் அவருக்கும் மட்டும்தான் தெரியும்.

சாயங்காலம் வேலை முடிந்து வந்தவள், ஹாலில் யாருடையதோ செருப்பு கிடப்பதைப் பார்த்து, ஹாலில் மாட்டியிருந்த கேமராவின் பதிவைப் போனில் ஓட்டினாள். பதினொன்று பத்துக்கு, முன்பின் தெரியாத ஒருவன் சாவி போட்டு, முட்டி கொடுத்துக் கதவைத் தூக்கி உள்ளே வருகிறான். செருப்பைக் கழற்றி விடுகிறான். உடைந்த டைலை மிதிக்காமல் தாண்டிப் படுக்கையறைக்குள் போகிறான். கடைசிவரை ஓட்டியும் அவன் வெளியே வரவே இல்லை.

படுக்கையறைப் பக்கம் பார்த்தபடியே அவள் வாசலை நோக்கிப் பின்வாங்கினாள். அப்போது வாசலில் சாவி திரும்பியது. கணவரின் இருமல் கேட்டதும் போன உயிர் திரும்பி வந்தது.

கதவு திறக்கவில்லை. அவர் தள்ளினார், தோளால் இடித்தார்.

"என்னம்மா இது, திறக்கவே மாட்டேங்குது? எப்பவும் இப்படித்தானா?"

அவள் வாயைத் திறக்குமுன், படுக்கையறையிலிருந்து தூக்கக் கலக்கத்தோடு ஒரு குரல் வந்தது.

"முட்டியக் கொடுத்துத் தூக்கச் சொல்லு. நாளைக்குக் கண்டிப்பா கார்பெண்டரக் கூப்பிடுறேன்."