செருப்புக் கழற்றும் இடம்

காலையில் புனித ஊற்று, பிறகு பதுங்குகுழிகள், இப்போது சாமிக்காடு. வேனிலிருந்து இறங்கிய சுற்றுலாக் கூட்டம் காட்டு வாசலில் குனிந்து செருப்பைக் கழற்றுகிறது. உச்சி வெயில் இலைகளின் இடுக்கு வழியே பொட்டுப் பொட்டாக விழுகிறது. ஒற்றையடிப் பாதையின் இருபுறமும் சுண்ணாம்பு அடித்த கற்கள். அவற்றைத் தாண்டிக் கால் வைத்தால் இன்னும் கண்ணிவெடி இருக்கலாம் என்பதைச் சுற்றிக்காட்டும் பெண் சொல்லி முடித்துவிட்டாள். இனி வருவது அவளுக்கு மிகவும் பிடித்த வரி. "சண்டை நடந்த காலத்துலகூட ஒருத்தரும் இந்தக் காட்டுக்குள்ள செருப்புக் காலோட நுழைஞ்சதில்ல. அவ்வளவு பயபக்தி!" தினமும் போலவே இன்றும் கூட்டம் சொக்கிப்போய்த் தலையாட்டுகிறது. யாரோ கையெடுத்துக் கும்பிடுகிறார்கள். கடைசியில் நிற்கும் நரைத்த மனிதர் மட்டும் ஒரு ஷூவைத்தான் கழற்றியிருக்கிறார். "ஐயா, அதையும் கழட்டிடுங்க," என்கிறாள் அவள், சிரித்த முகம் மாறாமல்.

அவர் கால்சட்டையை மெல்ல உயர்த்துகிறார். ஷூவுக்கு மேலே சதை இல்லை. ஓர் இரும்புக் குழாய் வெயிலில் பளபளக்கிறது. கழற்றிய செருப்புகள் காலடியில் இறைந்து கிடக்கின்றன. அவர் குனிந்து நிதானமாக ஷூக் கயிற்றை அவிழ்க்கிறார்; பார்வை மட்டும் வெள்ளைக் கற்களுக்கு அப்பால், அசையாத சருகுகளின் மேல் நிற்கிறது.

"இதைக் கழட்டிர்றேன்மா. என்னோட நிஜக் கால் காட்டுக்குள்ள பூட்ஸோட கெடக்கே, அதை யாரு கழட்டுறது?"