கெண்டைக்காலோடு போனவர்கள்

"எவ்வளவு தூரம் நடந்தா வலிக்குது ஐயா?"

கட்டிலில் கால் நீட்டி உட்கார்ந்திருந்தவர் நிமிர்ந்து பார்த்தார். காலையிலிருந்து இதே கேள்வியோடு வந்துபோன மருத்துவ மாணவர்களில், கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தவள் இந்தப் பெண் ஒருத்திதான்.

"தெருமுனை வரைக்கும்மா. அங்க போனதும் கெண்டைக்கால யாரோ ஈரத்துணி மாதிரி முறுக்கிப் பிழியற மாதிரி இருக்கும். கொஞ்சம் நின்னா விட்டுடும். மறுபடி நடந்தா மறுபடி பிழியும்."

"நிக்கும்போது என்ன செய்வீங்க?"

"கடைக் கண்ணாடியப் பாக்கற மாதிரி நிப்பேன். வலியில நிக்கிறேன்னு ஊருக்குத் தெரியணுமா? என் வீட்டுக்காரிதான் கண்டுபிடிச்சா. 'நகைக்கடை வாசல்ல தினமும் நிக்கிறீங்களே, யாருக்கு வாங்கறதா உத்தேசம்?'னு ஒரே சண்டை."

அவள் சிரித்துவிட்டாள். அவருக்குத் தெம்பு வந்தது. இதுவரை வந்த பிள்ளைகள் எல்லாரும் கெண்டைக்காலோடு போய்விட்டார்கள். வீட்டுக்காரி வரைக்கும் ஒருவரும் வரவில்லை.

மூலை நாற்காலியில் ஒரு கனைப்பு எழுந்தது. பேராசிரியர். அவர் கனைத்தால் காலி நாற்காலிகள்கூட எழுந்து நிற்கும் என்று பெயர். அவர் எழுதிய பாடப்புத்தகத்தை வாங்காமல் பாஸானவர்கள் உண்டா என்பது இன்னும் ஆராய்ச்சிக்குரியது.

"கதை கேக்க வந்தியா, பரீட்சைக்கு வந்தியா? உனக்கு இது ரெண்டாவது தடவை. இதுலயும் கோட்டை விட்டா இன்னொரு வருஷம் இங்கயே கிடக்க வேண்டியதுதான்."

"சரி சார்."

முன்னால் வந்தவர்கள் வெளியே போகும்போது, கதவருகே நிற்பவர்களின் காதில் எதையோ ஓதிவிட்டுப் போனதைக் கட்டிலில் இருந்தவர் கவனித்திருந்தார். இவளுக்கு ஓத ஆளில்லை போலிருக்கிறது. கூடப் படித்தவர்கள் போன வருஷமே பாஸாகிப் போயிருப்பார்கள்.

"ராத்திரியில வலிக்குமா ஐயா?"

"கொஞ்ச நாளா வலிக்குது. கால கட்டிலுக்கு வெளிய தொங்கப் போட்டாத்தான் அடங்கும். நான் எழுந்து உக்காந்தா அவளும் உக்காந்துடுவா. 'நீ தூங்கேன்'னா கேக்க மாட்டா. ரெண்டு பேரும் எதையாவது பேசிக்கிட்டே..."

"சிகரெட்?"

"பையன் பெட்டியப் பிடுங்கித் தூரப் போட்டுட்டான். போன் பண்ணினா முதல் கேள்வியே அதான். தினமும் பண்ணுவான்."

அடுத்த கனைப்பு வந்தது. அவள் அவசரமாக அவருடைய கால்சட்டையை முழங்கால் வரை சுருட்டிவிட்டாள். இரண்டு கால்களின் நிறத்தையும் ஒப்பிட்டாள். விரல் இடுக்குகளில் புண் இருக்கிறதா என்று பார்த்தாள். புறங்கையால் முழங்காலிலிருந்து பாதம் வரை சூடு பார்த்துக்கொண்டே வந்தவள், இடது பாதத்தில் நின்றாள். அதன் மேல்புறத்தில் மூன்று விரல்களை வைத்தாள்.

மற்றவர்கள் இந்த இடத்தில் சூடான இஸ்திரிப் பெட்டியைத் தொடுவதுபோல் தொட்டுவிட்டு, "பல்ஸ் இருக்கு சார்" என்றார்கள். பேராசிரியர் தலையாட்டினார். அவர் தலையாட்டும் திசையில் நாடி துடிக்கத்தானே வேண்டும்?

இவள் விரலை எடுக்கவில்லை. கணுக்காலுக்குப் பின்னால் தேடினாள். முழங்காலுக்குப் பின்னால் தேடினாள். காலைத் தூக்கிப் பிடித்தாள். பாதம் வெளுத்தது. வலது பாதத்தையும் தொட்டுப் பார்த்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து தேடினாள். அவருடைய காலை ஒருவர் இவ்வளவு நேரம் கையில் வைத்திருந்து எத்தனையோ காலமாகிவிட்டது. பரீட்சை நேரம் முடிந்து மணி அடித்துவிடக் கூடாதே என்றிருந்தது அவருக்கு.

"சார், இடது பாதத்துல பல்ஸ் இல்ல."

"இல்லையா?" பேராசிரியர் மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். வைத்த பொறியில் கடைசியாக ஓர் எலி விழுந்த திருப்தி அந்த முகத்தில் தெரிந்தது. "புத்தகம் சொல்றத சொல்லாதம்மா. விரல் சொல்றத சொல்லு."

"விரல்தான் சார் சொல்லுது. வலது கால்ல நல்லாத் துடிக்குது, இதுல இல்ல. இவரை இன்னிக்கே அட்மிட் பண்ணணும் சார். விட்டா காலுக்கே ஆபத்து."

"அட்மிட்டா!" பேராசிரியர் வாய்விட்டுச் சிரித்தபடி பேனாவைத் திறந்தார். "இவர் பேஷண்டே இல்லம்மா! பரீட்சைக்குன்னு நான் கூட்டிட்டு வந்து நடிக்க வச்சிருக்கிற ஆள். நகைக்கடை, வீட்டுக்காரி, பையன், எல்லாம் நான் சொல்லிக் கொடுத்த வசனம். வசனம் நோயாளியோடது, கால் நல்ல கால். சரியாத் தொட்டுப் பாக்காம 'பல்ஸ் இல்ல'ன்னு அளக்கறவங்களப் பிடிக்கத்தான் இந்த ஏற்பாடு. நீ மறுபடியும் பெயில்!"

அவள் கண்கள் நிறைந்துவிட்டன. ஆனாலும் கை பாதத்தை விடவில்லை.

"சார்," என்றார் கட்டிலில் இருந்தவர். "அந்தப் பொண்ணுக்கு பெயில் போடாதீங்க. அது சொன்னது நிஜம்."

"யோவ், இது வசனத்துல இல்லையே?"

"இல்ல சார்."

பேராசிரியர் அன்றைக்கு முதன்முறையாக நாற்காலியை விட்டு எழுந்து வந்தார். பாதத்தில் ஒரு விரலை வைத்தார், மூன்று விரல்களை வைத்தார், கண்ணை மூடிக்கொண்டு தேடினார். கனைப்பு வரவில்லை.

"ஏன்யா, கூப்பிட்ட அன்னிக்கே சொல்றதுக்கென்ன?"

"சொல்லியிருந்தா வேற ஆளை உக்கார வச்சிருப்பீங்க." அவர் கால்சட்டையை மெல்ல இறக்கிவிட்டுக்கொண்டார். "வீட்டுக்காரி, பையன் எல்லாம் நீங்க குடுத்தது சார். வலி மட்டும்தான் நான் கொண்டுவந்தது."