மைக் நின்ற இடங்கள்

சாருகா மூன்றாவது வசனத்தில் நின்றுவிட்டாள்.

எட்டு வயது. பட்டுப் பாவாடை. கலைமகளின் படத்துக்குப் பக்கத்தில், புது மைக்குக்கு முன்னால், வாயைத் திறந்தபடி நின்றாள். சொல் வரவில்லை.

போன வருடம் வேறொரு மண்டபத்தில் இப்படித்தான் நின்று அழுதாள். அந்த அழுகை ஒலிபெருக்கியில் மண்டபம் முழுக்கக் கேட்டது. பிள்ளைகள் சிரித்தார்கள். இந்த முறையும் பிழைவிட்டால் இனித் தமிழ்ப் பள்ளிக்கூடப் பக்கமே வரமாட்டாளாம் என்று தாய் சிறிதேவி வாசலில் வைத்து என்னிடம் சொல்லியிருந்தார்.

ஒலிபெருக்கியில் ஒரு சின்ன விம்மல் கேட்கத் தொடங்கியது.

அப்போது மைக்கும் நின்றது.

ஒஸ்லோவில், புருசெத்தில் உள்ள இந்த மண்டபத்துக்கு இது புதிதல்ல. எங்கள் விழாக்களில் ஐந்து வருடங்களாக மைக் நிற்கிறது. அதுவும் முக்கியமான இடம் பார்த்து நிற்கிறது. என் வீட்டு நிகழ்வு ஒன்றிலும் நின்றது. அதனால்தான் 2007ஆம் ஆண்டு வாணி விழாவுக்கு, சங்கத் தலைவர் என்ற முறையில், நானே கடைக்குப் போய்ப் புது மைக் வாங்கி வந்திருந்தேன்.

பின்வரிசையிலிருந்து சற்குணத்தின் குரல் வந்தது.

“சச்சி அண்ணை, புது மைக்குக்கும் வயசு போட்டுதோ?”

மண்டபம் சிரித்தது. சாருகாவை யாரும் பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை. கோபத்தோடு பின்னால் இருந்த ஒலிமேசைக்கு நடந்தேன்.

அங்கே ரொடெல் இருந்தார். மண்டபத்தின் வக்மேஸ்டர். கதவு திறப்பதும் கதிரை அடுக்குவதும் மைக் பார்ப்பதும் அவர் வேலை. பிலிப்பைன்ஸ்காரர். மணிலாவில் தொலைக்காட்சி நிலையம் ஒன்றில் பதினொரு வருடம் மைக் பார்த்ததாகச் சொல்லுவார். அப்படிப்பட்டவருக்கு எங்களுடைய ஒரு மைக்கைப் பார்க்கத் தெரியவில்லையே என்று நாங்கள் எங்களுக்குள் பகிடி விடுவோம்.

அன்று காலை கதவு திறந்தபோது அவர் கண் சிவந்திருந்தது. கூயா டெல்பின் இறந்துவிட்டார் என்றார். கூயா என்றால் அவர்கள் மொழியில் அண்ணன். ரொடெல் வேலை செய்த நிகழ்ச்சியை நடத்தியவர். சின்னப் பிள்ளைகளும் எளிய சனங்களும் மேடையேறிப் பாடுகிற நிகழ்ச்சி. நாடே அவரை அண்ணன் என்றுதான் கூப்பிடுமாம்.

நான் பாவம் என்று சொல்லிவிட்டு, கதிரைகள் போதுமா என்று கேட்டேன்.

இப்போது ரொடெலின் பெருவிரல் ஒலிமேசையில் ஒரு பொத்தானை அழுத்திப் பிடித்திருந்தது. பழுது பார்க்கிற கை அல்ல அது. கண் மேடையில் சாருகா மேல் இருந்தது. கன்னம் நனைந்திருந்தது.

நான் கேட்கும் முன்பே நோர்வேஜிய மொழியில் மெதுவாகச் சொன்னார். அப்போது சொன்னது கொஞ்சம்தான். மீதியைப் பிறகு தேநீர் குடிக்கும்போது கேட்டேன்.

மேடையில் யாராவது தடுமாறினால் டெல்பின் தன் சட்டைக் கழுத்தைத் தொடுவாராம். அதுதான் அடையாளம். ரொடெல் உடனே மைக்கை நிறுத்துவார். டெல்பின் அதைத் தட்டிப் பார்ப்பார், ஊதிப் பார்ப்பார், முகத்தைக் கோணுவார். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். சிரிப்பு அடங்குவதற்குள் பிள்ளைக்குப் பாட்டு ஞாபகம் வந்துவிடும்.

சனங்கள் எப்படியும் சிரிப்பார்கள், என்னைப் பார்த்துச் சிரிக்கட்டும் என்பாராம். அவர்கள் இருவரையும் தவிர வேறு எவருக்கும் இது தெரியாது.

ரொடெல் ஒஸ்லோவுக்குப் புறப்பட்டபோது, உன் கதிரையில் வேறு ஆளை இருத்த மனம் வராது என்று டெல்பின் சொன்னாராம். அடுத்த வருடம் வருகிறேன் என்று ரொடெல் ஒவ்வொரு நத்தார் பண்டிகைக்கும் தொலைபேசியில் சொல்லியிருக்கிறார். ஒன்பது நத்தார்.

“அங்கே நான் மைக்கை நிறுத்தினால் பழியை அவர் எடுத்துக்கொள்வார்,” என்றார் ரொடெல். “இங்கே அதற்கு ஆள் இல்லை.”

மேடையின் ஓரத்தில் சிறிதேவி மகளுக்கு வரியை எடுத்துக் கொடுக்க முயன்றுகொண்டிருந்தார். சிரிப்பு அடங்கத் தொடங்கியிருந்தது. தலைகள் மறுபடியும் பிள்ளையின் பக்கம் திரும்பின.

நான் மேடைக்குப் போனேன். மைக்கைத் தட்டினேன். ஊதினேன். பிறகு குரலை உயர்த்திச் சொன்னேன்.

“குறை நினையாதேங்கோ. வயரைக் கொழுவினது நான்தான். பிழை என்ரை.”

சற்குணம் ஏதோ சொன்னார். மண்டபம் என்னைப் பார்த்துச் சிரித்தது. அறுபது வயதுக்கு அது அவ்வளவு மோசமாக இருக்கவில்லை. சாருகாவும் சிரித்தாள். சிரித்த வாயோடு அடுத்த வசனத்தைத் தனக்குள் சொல்லிப் பார்த்தாள். தலையை ஆட்டினாள்.

நான் ஒலிமேசைப் பக்கம் திரும்பி என் சட்டைக் கழுத்தைத் தொட்டேன்.

மைக்குக்கு உயிர் வந்தது. அவள் கடைசி வரை பேசி முடித்தாள்.

கலைமகளுக்குச் சாத்திய மாலையிலிருந்து ஒரு பூவை எடுத்துக்கொண்டு போய், டெல்பினுக்கு என்று சொல்லி ரொடெலின் கையில் வைத்தேன். அவர் அதைச் சட்டைப் பையில் இருந்த சின்னச் சிலுவைக்குப் பக்கத்தில் போட்டுக்கொண்டார். அவரிடம் இன்னொன்றும் சொல்ல இருந்தது. எனக்குச் சொல் வரவில்லை.

மூன்று வருடங்களுக்கு முன், இதே மண்டபத்தில், என் மனைவி மனோகரியின் முப்பத்தோராம் நாள் நினைவுக் கூட்டம். அவளைப் பற்றிப் பேச எழுந்தேன். மூன்றாவது வசனத்தில் மைக் நின்றது.

அன்று நான் அழுத சத்தம் யாருக்கும் கேட்கவில்லை.

முடிந்ததும் நேரே போய், எல்லாருக்கும் முன்னால் ரொடெலை ஏசினேன்.

மைக் பழையது, மன்னித்துக்கொள்ளுங்கள் என்றார்.