தட்டு பறக்கும் நேரம்

ஒரு வீட்டு ஹாலில் ஒரு டிவியும் ஒரு சோபாவும் இருந்தன. சாயங்காலமானால் ‘ரகளை இல்லம்’ என்ற பழைய காமெடி சீரியலைப் பார்க்க அப்பா, அம்மா, மகள் மூன்று பேரும் சோபாவில் வந்து உட்காருவார்கள். சீரியலில் வரும் குடும்பம் எந்நேரமும் அடித்துக்கொள்ளும். புருஷன் தட்டை வீசுவான், மாமியார் மயங்கி விழுவாள். எல்லாம் இவர்களுக்கு மனப்பாடம்தான். ஆனாலும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். சீரியல் முடிந்தால் அந்த வீட்டில் பேச்சுமூச்சே இருக்காது.

டிவிக்கு அது பொறுக்கவில்லை. சோபாவிடம் புலம்பியது.

“எல்லாம் என்னாலதான் அக்கா. நான் போயிட்டா, ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பார்த்துப் பேசிடுவாங்க.”

“கிறுக்கா, இந்த அரை மணி நேரந்தான் மூணு பேர் தோளும் உரசுது. அவங்கள மேல உட்காரவெச்சிருக்கிற எனக்குத் தெரியாதா?” என்றது சோபா.

டிவி கேட்கவில்லை. மறுநாள் சரியாகத் தட்டு பறக்கும் நேரத்தில் தன்னைத்தானே பொசுக்கிக்கொண்டது.

இருண்ட திரையில் மூன்று முகங்கள் தெரிந்தன. அம்மா ஏதோ சொல்ல வாயைத் திறந்தாள். போகிற உயிரைப் பிடித்துவைத்துக்கொண்டு டிவி காத்திருந்தது.

“போன்லயே வருது,” என்றாள் மகள்.

மூன்று அறைக் கதவுகளும் சாத்திக்கொண்டன. கொஞ்ச நேரத்தில் அம்மாவின் அறையில் தட்டு விழுந்து உடைந்தது, அவள் சிரித்தாள். அப்புறம் அப்பாவின் அறையில் அதே தட்டு, அவர் சிரிப்பு. எல்லாம் அடங்கிய பிறகு மகளின் சிரிப்பு வந்தது.

டிவி கடைசியாகப் பார்த்தது சோபாவைத்தான். மூன்று பேர் உட்கார்ந்த பள்ளம் மெல்ல மெல்ல மேலெழும்பி, தடமில்லாமல் சமமாகிக்கொண்டிருந்தது.